ஒரே நம்பரில் இரண்டு பிரேக்

தங்கமாரி அந்தக் கடிதத்தை இரண்டு முறை படித்தாள். மூன்றாவது முறை படிக்கும்போது காது மடல் சுட்டது. 'என் கவனக்குறைவால் நாற்பத்திரண்டு பார்கோடு லேபிள்கள் இருமுறை அச்சாகிவிட்டன' என்று அவளே எழுதியது போல யாரோ டைப் செய்து வைத்திருந்தார்கள். கீழே அவள் பெயர். கையெழுத்து மட்டும் பாக்கி.

"சும்மா போட்டுட்டுப் போம்மா," என்றார் சூப்பர்வைசர் அப்பாவு. பென்னலூர்க்காரர். "வார்னிங்தான். இன்னா ஆயிடப்போவுது?"

ஒரகடத்தில் பிரேக் செய்யும் அந்தக் கம்பெனியின் லேபிள் ரூமில் அவளுக்கு இது மூன்றாவது வருஷம். வள்ளியூர்ப் பக்கத்துக்காரி, தண்டலத்தில் ஐந்து பெண்களோடு ரூம் எடுத்திருந்தாள். சோதனை மெஷினில் ஒரு பிரேக் பாஸ் ஆனால் கம்ப்யூட்டர் புது நம்பர் தரும். அதைப் பார்கோடாக அடித்து அந்த பிரேக்கில் ஒட்டுவாள். ஒரு நம்பர் ஒரு பிரேக்குக்குத்தான். ஸ்டிக்கர் கிழிந்தால் அதே நம்பரை மறுபடி அடிக்கலாம், ஆனால் சூப்பர்வைசரின் பாஸ்வேர்டு வேண்டும்.

கார் கம்பெனி குடோனில் ஸ்கேன் செய்தபோது நாற்பத்திரண்டு பிரேக்குகளின் நம்பர் ஏற்கெனவே வந்து சேர்ந்ததாகக் காட்டியது. ஸ்டிக்கர் ஓரத்தில் இருந்தது தங்கமாரியின் ஆபரேட்டர் எண்.

அவளுக்கு இப்போது எல்லாம் விளங்கியது. செவ்வாய்க்கிழமை டார்கெட்டில் நாற்பத்திரண்டு குறைந்தது. அவள் சாப்பிடப் போன அரைமணி நேரம், கம்ப்யூட்டர் அவள் எண்ணிலேயே திறந்திருக்க, அப்பாவு லேபிள் ரூமில் இருந்தார். திரும்பி வந்தபோது ரிஜெக்ட் பிரேக் போடும் சிவப்புத் தொட்டி காலி. கேட்டதற்கு, "ஸ்கிராப்புக்குப் போயிடுச்சு" என்றார். அவளும் நம்பினாள். அந்த ரிஜெக்ட் பிரேக்குகளில்தான் பழைய நம்பர்களை மறுபடி அடித்து ஒட்டி அனுப்பியிருக்கிறார். நம்பியதை நினைத்தபோதுதான் ஆத்திரம் தலைக்கேறியது.

கடிதத்தை எடுத்துக்கொண்டு நேரே மேனேஜர் நம்பிராஜனின் அறைக்கு நடந்தாள். "ஏய், நில்லு!" என்று அப்பாவு பின்னாலேயே ஓடி வந்தார்.

உள்ளே கார் கம்பெனியின் குவாலிட்டி ஆள் யாக்கோபு உட்கார்ந்திருந்தார்.

"கையெழுத்துப் போட்டாச்சா?" என்றார் மேனேஜர்.

"போட மாட்டேன் சார். நான் செய்யாத தப்புக்கு நான் எதுக்குப் போடணும்?"

"கான்ட்ராக்ட் ஆளு நீ. ஞாபகம் இருக்கட்டும்."

"இருக்கு சார். அதனாலதான என் தலையில கட்டுதீங்க?" அவள் குரல் உயர்ந்துவிட்டது. யாக்கோபு பக்கம் திரும்பினாள். "சார், ஒரே நம்பரை ரெண்டு வாட்டி அடிக்கணும்னா சூப்பர்வைசர் பாஸ்வேர்டு வேணும். யாரு போட்டாங்கன்னு கம்ப்யூட்டர்ல இருக்கும். அது போகட்டும், அந்த நாப்பத்திரண்டையும் மறுபடி சோதனை மெஷின்ல போட்டுப் பாருங்க. ஒண்ணாச்சும் பாஸ் ஆச்சுன்னா நான் இப்பமே வீட்டுக்குப் போறேன்."

அப்பாவு தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

யாக்கோபு எழுந்தார். "லேபிள் ரூம் எங்கம்மா? காட்டு."

கம்ப்யூட்டரில் நாற்பத்திரண்டு வரியிலும் அப்பாவுவின் பாஸ்வேர்டு போட்ட பதிவு இருந்தது. மாலைக்குள் பிரேக்குகள் திரும்பி வந்தன. ஒன்றுகூடப் பாஸ் ஆகவில்லை.

மறுவாரம் அப்பாவுவை வேறு லைனுக்கு மாற்றினார்கள், சூப்பர்வைசராகவே. தங்கமாரியைப் பேக்கிங்குக்கு அனுப்பினார்கள். 'வாய் ஜாஸ்தி' என்று கான்ட்ராக்டர் காரணம் சொன்னார்.

கேன்டீனில் அப்பாவு அவள் எதிரே வந்து நின்றார். "உன்னாலதான் என் ப்ரமோஷன் போச்சு. திருப்தியா?"

தங்கமாரி தட்டைக் கீழே வைத்தாள். "அந்த பிரேக்க மாட்டுன வண்டியில உங்க பொண்ணு போயிருந்தா? அப்பமும் என்கிட்டதான் கையெழுத்து கேப்பீங்களா?"

அப்பாவு நகர்ந்தார். தங்கமாரிக்கு இன்னும் கேட்க நிறைய இருந்தது, அந்த ஆள் போய்விட்டார்.