நாற்பத்தொன்றாம் பெட்டி

என் கணவர் வேலுமணி கவலைப்படவே பிறந்தவர். கேஸ் மூடியிருக்கிறதா என்று மூன்று முறை பார்ப்பார். மகள் அருள்மொழி டியூஷனிலிருந்து பத்து நிமிஷம் தாமதித்தால் குவார்ட்டர்ஸ் வாசலில் போய் நிற்பார். இருபது வருஷமாக அதைக் கேலி செய்திருக்கிறேன். அது நின்றுபோனபோதுதான், அதை எவ்வளவு நம்பியிருந்தேன் என்று தெரிந்தது.

ஜூலையில் ஒரு மாலை, நல்ல மழை. தோழி வீட்டுக்குப் போன அருள்மொழி போனை எடுக்கவில்லை. நான் வாசலுக்கும் சமையலறைக்குமாக நடந்துகொண்டிருந்தேன். அவர் தோசையைப் பிய்த்துச் சட்னியில் தொட்டபடி, "ஏழு நாப்பதுக்கு வந்துருவா. சைக்கிள் செயின் கழண்டிருக்கு" என்றார்.

ஏழு நாற்பதுக்கு வந்தாள், கையெல்லாம் கிரீஸோடு.

"உங்களுக்கு போன் பண்ணாளா?"

"இல்ல."

"பின்ன எப்படித் தெரியும்?"

அவர் தட்டைக் கழுவப் போய்விட்டார்.

மறுநாள் காலை மந்தாரக்குப்பம் காய்கறிக் கடையில் கண்ணையனைப் பார்த்தேன். முத்தாண்டிக்குப்பத்துக்காரர், நிலக்கரிச் சுரங்கத்தில் என் கணவரின் ஷெட்டில் கான்ட்ராக்ட் வேலை. பூமியைத் துளைத்து எடுத்த மண், களிமண், கரி உருளைகளை ஆழ வாரியாக மரப்பெட்டிகளில் அடுக்கி, எண் போட்டு வைத்திருக்கும் ஷெட் அது. என் கணவர்தான் அதற்குப் பொறுப்பு.

"சார் வூட்ல எப்பிடிக்கா இருக்காரு?" என்றார், கத்தரிக்காயைப் பொறுக்கிக்கொண்டே.

"ஏன் கேக்கறீங்க?"

"நாப்பத்தொண்ணத் தொறந்துட்டாருக்கா."

கல்யாணமாகி இங்கே வந்த நாளிலிருந்து கேட்டுவரும் கதை அது. கரிக்கு அடியில் தண்ணீர் இருக்கிறது. ஓயாமல் பம்பு வைத்து இறைக்கும் தண்ணீர். அந்தத் தண்ணீருக்கும் அடியில் ஓர் அறை. அதற்குள் ஏடு ஏடாகப் பிரியும் கருங்கல். எந்த நட்சத்திரம் எப்போது அணையும் என்பதிலிருந்து எந்த வீட்டு அடுப்பு எப்போது அணையும் என்பதுவரை அதில் எழுதியிருக்கிறதாம். மனிதக் கண் பட்டுவிடக் கூடாதென்று மேலே தண்ணீரை நிறுத்தி மூடினார்கள். மூடியது யார் என்று கதையில் இல்லை. எப்போதோ ஒருமுறை துளைக் கருவி அந்த அறைவரை போய், கை நீளத்துக்கு ஒரு துண்டை மேலே கொண்டுவந்துவிட்டது. அதை வைத்து ஆணி அடித்த பெட்டிதான் நாற்பத்தொன்று.

ஷெட்டில் யார் எண்ணினாலும் நாற்பதுக்கு அடுத்து நாற்பத்திரண்டுதான். பொறுப்பு கைமாறும்போது இது எழுத்தில் வராது. "நாப்பது சொன்னதும் ஒரு மூச்சு விட்டுக்கோ" என்று வாயால் சொல்லிக்கொடுப்பார்கள். தீபாவளி முறுக்கை எண்ணும்போதுகூட என் கணவர் நாற்பதில் மூச்சு விடுவார். அதைப் பார்த்துப் பழகிய அருள்மொழி ஒன்றாம் வகுப்பில் நாற்பத்தொன்றை விட்டு எண்ணி டீச்சரிடம் திட்டு வாங்கினாள்.

"எல்லாத்தையும் கம்ப்யூட்டர்ல ஏத்தச் சொல்லிட்டாங்கக்கா" என்றார் கண்ணையன். "ஒவ்வொரு பெட்டியும் தொறந்து போட்டோ புடிக்கணும். ஒரு நம்பர் வுட்டுப்போனா செவப்பு காட்டிக்கினு அங்கியே நிக்குது. சார் ரெண்டு நாள் அதயே பாத்துக்கினு இருந்தாரு. அப்பறம் கடப்பாறய எடுத்துட்டாரு. நான் மூஞ்சத் திருப்பிக்கினேன்."

"போட்டோல என்ன இருந்துச்சு?"

"ஒண்ணும் வுழல. வெறுங் கருப்பு. ஆனா செவப்பு பச்சையாயிடுச்சி." குரலைத் தாழ்த்தினார். "நான் எப்ப பர்மனென்ட் ஆவேன்னு அதுல போட்டிருக்கா பாருங்க சார்னு சும்மா கிண்டல் பண்ணேன். 'வேணாம் கண்ணையா'ன்னாரு. சிரிக்கவே இல்லக்கா. அப்பறம் நான் அந்தப் பக்கமே போவல."

மாலையில் அவரிடமே கேட்டேன். மறைக்கவில்லை.

"எவ்வளவு படிச்சீங்க?"

"படிக்கிற மாதிரி இல்ல புவனா. மறந்துபோனது ஞாபகம் வர்ற மாதிரி இருக்கு. எல்லாமே."

சொல்ல வெட்கமாக இருக்கிறது, முதலில் எனக்கு நிம்மதியாகத்தான் இருந்தது. காய்ச்சல் எப்போது விடும், கரண்ட் எப்போது வரும், எல்லாவற்றுக்கும் வீட்டில் பதில் இருந்தது. ஆகஸ்டில் அருள்மொழிக்குச் சென்னையில் கல்லூரி கிடைத்தது. ஹாஸ்டலில் தங்க வேண்டும்.

"அங்க நல்லா இருப்பாளா?" என்றேன், ரசத்துக்குத் தாளித்துக்கொண்டே, பதில் உடனே வரும் என்ற தைரியத்தில்.

அவர் காலண்டரைப் பார்த்தார்.

"உங்களத்தான் கேக்கறேன்."

"கேக்காத."

"அனுப்பலாமா, வேண்டாமா? அதையாவது சொல்லுங்க."

"நீ என்ன சொல்லப்போறன்னும் எனக்குத் தெரியும். அது என் மூஞ்சில தெரிஞ்சுரும். என்னைப் பாக்காத புவனா."

ஆனால் பார்த்தேன். பார்ப்பதைத் தவிர வேறு எதுவும் செய்யவில்லை என்றே சொல்லலாம். அவள் தட்டில் அவர் எத்தனை துண்டு மீன் வைக்கிறார், அவள் தலையில் வைத்த கையை எவ்வளவு நேரம் கழித்து எடுக்கிறார் என்று கணக்கெடுத்தேன். அவளுக்குக் கைக்கடிகாரம் வாங்கிவந்தார். அதன் கேரண்டி இரண்டு வருஷம். அந்த அட்டையை நாலு முறை படித்தேன். இரண்டு வருஷமாவது இருக்கிறது என்று நினைத்து, அப்படி நினைத்ததற்காக என் வாயிலேயே அடித்துக்கொண்டேன். ஒன்றுமில்லாமலும் இருக்கலாம். எல்லாம் தெரிந்தவருக்குச் சின்னச் சந்தோஷங்களைச் சொல்லவும் அலுத்துப்போயிருக்கலாம். இதையும் யோசித்தேன். இது மனதில் நிற்கவில்லை.

கிளம்பும் நாள். வடலூரில் ஒன்பது மணிக்குப் பஸ். ஆட்டோ வந்து நின்றது. அருள்மொழி பையைத் தூக்கியவள் என்னைப் பார்த்துவிட்டுக் கீழே வைத்தாள்.

"என்னம்மா இது, சாவு வீட்டு மூஞ்சி? ஒரு வாரமா இப்படித்தான் இருக்க. வேணாம்னா வேணாம்னு சொல்லு. நான் இங்கயே கடலூர்ல சேந்துக்கறேன். நெஜமாத்தான் சொல்றேன்."

விளையாட்டில்லை. என் ஒரு வார்த்தைக்காக நின்றாள்.

நான் அவரைப் பார்த்தேன். தெரிந்த பாட்டில் அடுத்த வரிக்குக் காத்திருப்பவரைப் போல அவர் உதடு லேசாகப் பிரிந்திருந்தது. எனக்குக் கோபம் பொங்கியது. நான் பெற்றவள், நான் சொல்ல வேண்டிய வார்த்தை, அது எனக்கு முன்னாலேயே அவரிடம் இருந்தது. எந்தப் பக்கம் என்று இன்னும் கொஞ்சம் உற்றுப் பார்த்தால் அவர் முகத்தில் படித்துவிடலாம் போலிருந்தது.

நான் படிக்கப்போவதை அவர் கவனித்துவிட்டார். சட்டென்று எழுந்து பின்கட்டுக்குப் போனார். குழாயை முழுக்கத் திறந்து வாளியை அடியில் தள்ளினார். பிளாஸ்டிக்கில் தண்ணீர் விழும் சத்தம் வீடெங்கும் அடித்தது. அவருக்குத் தெரியாதது எதுவுமில்லை. இருந்தும், தெரிந்த முகத்தை என் முன்னாலிருந்து எடுத்துக்கொண்டு போனார். அவரால் தர முடிந்தது அவ்வளவுதான்.

"அம்மா?"

"கிளம்பு" என்றேன். "பஸ் போயிடும்."

அது என் வார்த்தைதானா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது.

"அப்பா எங்க?"

"பின்னாடி. கூப்பிடாத."

"ஏன், அழுதுகிட்டு இருக்காரா?" என்று சிரித்தபடி என் கன்னத்தைக் கிள்ளிவிட்டு ஓடினாள்.

ஆட்டோ பிளாக் முனையில் திரும்பியது. வாளி எப்போதோ நிரம்பி வழிந்துகொண்டிருந்தது. குழாயை மூடச் சொல்லி நான் குரல் கொடுக்கவில்லை. மூடினால் அவர் உள்ளே வருவார். வந்தால் அவர் முகத்தைப் பார்க்க வேண்டியிருக்கும்.