சிவந்த அருவியும் வெட்டிய நாற்பது நொடியும்

அன்று தொலைக்காட்சி நிலையத்தின் தொகுப்பறையில் இருந்தவர்கள் ஐந்து பேர்: நிகழ்ச்சித் தலைவி, எல்லோரும் 'கத்திரி' என்று கூப்பிடும் படத்தொகுப்பாளர், ஒளிப்பதிவாளனான என் தம்பி, அவன் மனைவி, நான். கூட இருந்ததாகச் சொல்லிக்கொள்பவர்கள் நிறைய. அவர்கள் யாரும் அங்கே இல்லை.

ஆண்டில் இரண்டு மூன்று நாள் மட்டும், வெயில் சாயும்போது தீப்பிடித்ததுபோல் சிவக்கும் ஓர் அருவியைத் தம்பி படமாக்கியிருந்தான். ஒளிபரப்பானதும் பார்த்தவர்கள் வாய் பிளந்தார்கள். மறுநாளே பத்திரிகைகள் அது கம்ப்யூட்டரில் பூசிய சாயம் என்று எழுதின. வெள்ளையாக விழுந்த தண்ணீர் கண்ணிமைக்கும் நேரத்தில் எப்படிச் சிவந்தது என்று கேட்டன.

"நடுவுல நாற்பது செகண்ட் காணோம்," என்றார் தலைவி. "அது எங்கன்னு சொல்லுங்க. இல்லன்னா சாயங்காலம் செய்தியில மன்னிப்புக் கேட்கணும். உங்க வேலையும் போயிடும்."

தம்பி சுவரைப் பார்த்தான்.

"என் கைக்கு வரும்போதே அப்படித்தான் இருந்துச்சு மேடம்," என்றார் கத்திரி. "எனக்கு இருக்கற பேருக்கு எல்லாரும் என்னையே பார்க்கறாங்க."

தம்பி மனைவி என் பக்கம் திரும்பினாள். "மாமா, நீங்க சொல்றீங்களா, நான் சொல்லட்டுமா?"

எங்கள் வீட்டில் கொடுத்த வாக்கை யாரும் மீறியதில்லை. தம்பி எனக்கு வாக்குக் கொடுத்திருந்தான். வேலை போனாலும் வாய் திறக்கமாட்டான். நான் எழுந்து நின்றேன்.

"வெட்டச் சொன்னது நான். முழுசாப் போடுங்க."

தம்பி மனைவி தன் கைப்பையிலிருந்து வெட்டாத மூலப் பதிவை எடுத்தாள். அது எப்படி அங்கே தயாராக இருந்தது என்று நான் கேட்கவில்லை.

திரையில் அருவி வெள்ளையாக விழுந்தது. கோட்டும் தொப்பியும் குடையுமாக நான் குறுக்கே வந்தேன். "நிமிர்ந்து நின்னு எடுடா" என்று தம்பியை அதட்டினேன். அடுத்த அடியில் பாசி வழுக்கி, தண்ணீரில் தொப்பென்று உட்கார்ந்தேன். தொப்பி மிதந்து போனது. எனக்குப் பின்னால் அருவி மெல்ல மஞ்சளாகி, ஆரஞ்சாகி, சிவந்தது. என் வழுக்கைத் தலையும் கூடவே சிவந்தது. எங்கும் வெட்டு இல்லை.

கத்திரி வாயைப் பொத்திக்கொண்டார். தலைவி நீண்ட மூச்சு விட்டார். "நீங்க விழுந்த மாதிரி எந்தக் கம்ப்யூட்டராலயும் விழ முடியாது சார்."

"அண்ணே, இதை ஊரே பார்க்குமே," என்றான் தம்பி.

"பார்க்கட்டும். நம்ம வீட்டுல வழுக்கி விழுந்தவன் இருந்துட்டுப் போகட்டும். பொய்யன்னு பேர் வாங்கினவன் வேண்டாம்."

மாலையில் முழுதாக ஒளிபரப்பினார்கள். தம்பியின் வேலை தப்பியது. பத்து நாளாகத் தட்டைத் தொட்டுவிட்டு எழுந்துகொண்டிருந்தவன் அன்று இரண்டாம் முறை கேட்டு வாங்கிச் சாப்பிட்டான். என் சட்டைக் காலரும் அன்றுதான் கழுத்தை இறுக்காமல் இருந்தது.

நான் மூன்று முறை விழுந்ததாக ஒரு பேச்சு உலவுகிறது. அது தவறு. விழுந்தது ஒரு முறை. மற்ற இரண்டும் நிலையத்தார் திரும்பப் போட்டவை.