அகஸ்ரீனாவின் பேரில் ஓர் எண்

அண்ணன் மகன் கேட்டால் இல்லையென்று சொல்லிப் பழகாதவள் அகஸ்ரீனா. அதுதான் அவளைக் கவிழ்த்தது என்று பலேர்மோவில் பிறகு பலர் பேசிக்கொண்டார்கள். அவள் அப்படிச் சொல்வதில்லை. "எனக்கும் உள்ளுக்கை ஒரு ஆசை இருந்தது. றொனியை மட்டும் சொல்லிக் குற்றமில்லை" என்பாள்.

சொந்த ஊரான பேசாலையின் கடலில் புருஷனைப் பறிகொடுத்தவள் அவள். பத்து வயது மகள் மெற்றில்டாவைத் தமக்கை சூசையம்மாவிடம் ஒப்படைத்துவிட்டு எண்பத்தெட்டில் இத்தாலிக்கு வந்து சேர்ந்தாள். தொண்ணூறில் அரசாங்கம் பொதுமன்னிப்பு அறிவித்தபோது, மூன்று நாள் வரிசையில் நின்று பெர்மெஸ்ஸோ எடுத்தாள். அந்த வதிவிடப் பத்திரத்தோடு ஒரு பெரிய மாடிவீட்டில் பதிவான வேலையும் கிடைத்தது. சிஞ்ஞோரா என்று மரியாதையாகக் கூப்பிட வேண்டிய எசமானிக்குச் சமைப்பது, தரை துடைப்பது, சலவைத் துணிக்கு இஸ்திரிப் பெட்டி போடுவது. கிழமைக்கு ஒரு முறை பூசை. கபோச் சந்தைக்கு மேலே ஓர் அறையில் படுக்கை. மகளை இத்தாலிக்குக் கூப்பிட வேண்டுமென்றால் ஒழுங்கான வீடும் ஒழுங்கான வருமானமும் காட்ட வேண்டும். வருமானம் இருந்தது. வெளிநாட்டுக்காரிக்கு ஒப்பந்தம் எழுதி வீடு கொடுக்கத்தான் ஒருவரும் முன்வரவில்லை.

தொண்ணூற்று மூன்று ஓகஸ்டில் ஒரு ஞாயிறு, பூசை முடிந்த கையோடு றொனியும் அவன் பெண்சாதி றம்யாவும் அவளுடைய அறைக்கு வந்தார்கள். றொனி வந்து ஒரு வருஷம்தான் ஆகியிருந்தது. ஸ்ஃபெர்ராகவால்லோவில் மீன் சாப்பாட்டுக் கடையொன்றில் கோப்பை கழுவிக்கொண்டிருந்தான்.

"மாமி, போர்கோ வெக்கியோவிலை ஒரு கடை வாடகைக்கு வந்திருக்கு. எங்கடை சாமான் போடலாம். மிளகாய்த்தூள், கருவாடு, உழுத்தம்மா, வீடியோப் படக் கொப்பி. இஞ்சை இத்தினை தமிழ்ச் சனம் இருக்கு, ஒரு கடை இல்லை."

"நல்ல விஷயம்தானே. போடுங்கோவன்."

"போடலாம். பார்த்தீத்தா ஈவா எடுக்கவேணும்."

அது வியாபாரம் செய்கிறவருக்கு வரி அலுவலகம் கொடுக்கும் பதினொரு இலக்க எண். அது இல்லாமல் மொத்தக் கடையில் சாமான் வாங்கவும் முடியாது, ஒரு பற்றுச்சீட்டு எழுதவும் முடியாது. றொனியின் பெர்மெஸ்ஸோவில் கூலி வேலை மட்டுமே செய்யலாம் என்று இருந்தது. பொதுமன்னிப்பில் பத்திரம் எடுத்தவர்கள் சொந்தத் தொழிலும் செய்யலாம். அவர்களுடைய சொந்தத்துக்குள் அப்படிப் பத்திரம் வைத்திருந்தவள் அகஸ்ரீனா ஒருத்திதான்.

"பேர் மட்டும்தான் மாமி" என்றாள் றம்யா. "நீங்கள் கடைப்பக்கம் வரவும் தேவையில்லை."

"என்ரை பேரிலை எடுத்தா, பிள்ளையைக் கூப்பிடேக்கை ஏதும் கரைச்சல் வருமோ?"

"கரைச்சலோ?" றொனி சிரித்தான். "வீட்டு வேலைக்காரி கூப்பிடுறதும் கடை முதலாளி கூப்பிடுறதும் ஒண்டோ மாமி? உங்களை இன்னும் மதிப்பாய்த்தான் பாப்பாங்கள்."

'முதலாளி' என்ற அந்தச் சொல் அவளுக்குப் பிடித்திருந்தது. அதை அவள் மறைத்ததும் இல்லை.

அடுத்த வாரம் அரைநாள் லீவு கேட்டுக்கொண்டு, கோவிலுக்கு உடுத்தும் நீலப் பாவாடையோடு வரி அலுவலகத்துக்குப் போனாள். றொனி படிவத்தை முன்கூட்டியே நிரப்பி வைத்திருந்தான். இரண்டரை மணி நேரம் வரிசையில் நின்றார்கள். கண்ணாடிக்குப் பின்னால் இருந்த உத்தியோகத்தர் பத்திரங்களைப் புரட்டிப் பார்த்துவிட்டு அவளை ஏறிட்டார். பிறகு அவளுக்குப் பின்னால் நின்ற றொனியைப் பார்த்தார்.

"கடை யாருடையது?" என்று இத்தாலியனில் கேட்டார். "உங்களுடையதா, இவருடையதா?"

றொனி வாயைத் திறப்பதற்குள் அவளே, "என்னுடையது" என்றாள்.

இத்தனை வருஷமாக அவள் இத்தாலியனில் பேசியதெல்லாம் சிஞ்ஞோராவின் சமையலறை, சிஞ்ஞோராவின் கம்பளம், சிஞ்ஞோராவின் பூனை. 'என்னுடையது' என்று சொல்ல அவளிடம் அந்த மொழியில் ஒன்றும் இருந்ததில்லை. உத்தியோகத்தர் 'உரிமையாளர்' என்று அச்சடித்திருந்த இடத்தைப் பேனாவால் தொட்டுக் காட்டினார். அவள் தன் முழுப் பெயரையும் ஒவ்வோர் எழுத்தாக வரைந்தாள். முத்திரை குத்திப் பத்திரத்தை நீட்டியவர், "வாழ்த்துகள், சிஞ்ஞோரா" என்றார். அவளை அப்படிக் கூப்பிட்ட முதல் ஆள் அவர்தான்.

அந்தச் சந்தோஷப் புளுகத்தில்தான் அவள் பிழைவிட்டாள். வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கலாம். ஆனால் அன்று பின்னேரமே ஒரு பெட்டி கன்னோலி இனிப்பு வாங்கிக்கொண்டு வேலைக்குப் போய், தான் கடை திறக்கப்போவதாகச் சிஞ்ஞோராவிடம் சொன்னாள். சிஞ்ஞோரா அவளைக் கட்டிக்கொண்டு இரண்டு கன்னத்திலும் முத்தமிட்டாள். "எங்கள் அகொஸ்தீனா இனி முதலாளி!" என்று தொலைபேசியில் தங்கைக்கும் சொன்னாள்.

கிறிஸ்மஸுக்கு முந்திய கிழமை சிஞ்ஞோரா ஒரு கடதாசியைச் சமையலறைப் பளிங்கு மேடையின் மேல் வைத்தாள். "என் கணக்காளர் கேட்டார். இதில் ஒரு கையெழுத்து." அடுப்பில் பால் பொங்கிக்கொண்டிருந்தது. வழக்கமான விடுமுறைக் கடதாசியாக்கும் என்று நினைத்து, ஈரக் கையைத் துடைத்துவிட்டு ஒப்பமிட்டாள். ஒரு கேள்வி கேட்கவில்லை. கேட்டிருந்தாலும் அந்தக் கணக்காளரின் மொழி அவளுக்கு விளங்கியிராது.

றொனியின் கடை இரண்டரை வருஷம் நடந்தது. பங்குச் சாமியார் வந்து தீர்த்தம் தெளித்துத் திறந்துவைத்தார். அன்று அகஸ்ரீனா மேசைக்குப் பின்னால் ஐந்து நிமிஷம் நின்றாள். அதற்குப் பிறகு அவள் போனதெல்லாம் மற்றவர்களைப் போலக் கருவாடு வாங்கத்தான். ஆட்கள் 'றொனியின்ரை கடை' என்றுதான் சொன்னார்கள். அதில் அவளுக்கு ஒரு சின்ன மனக்குறை இருந்தது. அதை வெளியில் காட்டவில்லை.

தொண்ணூற்றாறு உயிர்த்த ஞாயிறுக்குப் பிறகு றொனியும் றம்யாவும் பெட்டியோடு வந்து நின்றார்கள். றம்யாவின் தமையன் கனடாவுக்கு வழிசெய்துவிட்டானாம்.

"அப்ப கடை?"

"மூடிட்டன் மாமி. கதவுத் திறப்பையும் சொந்தக்காரனிட்டைக் குடுத்தாச்சு. எல்லாம் முடிஞ்சுது, நீங்கள் ஒண்டுக்கும் யோசியாதேங்கோ."

அவன் மூடியது கடைக் கதவை. எண்ணை மூடவில்லை. இரண்டும் வேறு வேறு என்பது அவனுக்குத் தெரிந்திருந்ததோ, அவசரத்தில் விட்டுவிட்டானோ, அதை இன்றுவரை அவள் அறியவில்லை.

அந்தக் கோடையில்தான் அவளுக்குக் கடைசியாக ஒரு வீடு கிடைத்தது. இரண்டு அறை, ஒரு யன்னல், ஒப்பந்தம் எழுதித் தந்தார்கள். மெற்றில்டாவுக்கு ஒக்ரோபரில் பதினெட்டு முடிகிறது. அதற்கு மேல் போனால் தாய் பிள்ளையைக் கூப்பிட முடியாது. விசா அலுவலுக்காக அகஸ்ரீனா மகளைக் கொழும்புக்கு வரச்சொல்லிவிட்டாள். கொட்டாஞ்சேனையில் கன்னியர் நடத்தும் விடுதியில் மகள் காத்திருந்தாள். போர் நடந்துகொண்டிருந்தது; பொலிஸ் பதிவைக் காட்டாமல் தமிழர் அங்கே தெருவில் இறங்க முடியாத காலம் அது.

தொழிற்சங்கக் காரியாலயத்தில் யோசேப் என்றொருவர் இருந்தார். யாழ்ப்பாணத்துத் தீவுப்பகுதியைச் சேர்ந்தவர், தமிழ் ஆட்களுக்குக் கடதாசி நிரப்பிக் கொடுப்பவர். அகஸ்ரீனா வீட்டு ஒப்பந்தத்தையும் பெர்மெஸ்ஸோவையும் கொண்டுபோய் அவர் முன்னால் வைத்தாள். சம்பளப் பதிவை எடுத்துத் தருகிறேன், நான்கு நாளில் வாருங்கள் என்றார். நான்காம் நாள் போனபோது அவர் முகம் சரியில்லை.

"அக்கா, நீங்கள் இப்ப எங்கை வேலை செய்யிறீங்கள்?"

"உங்களுக்குத் தெரியும்தானே. அதே சிஞ்ஞோரா வீட்டிலை."

"பதிவிலை அப்பிடி இல்லை. தொண்ணூற்று மூண்டு டிசம்பரோடை உங்கடை வேலை முடிஞ்சுது எண்டு இருக்கு. நீங்களாய் விலகினதாய் எழுதி, கீழை நீங்கள் ஒப்பம் வைச்சிருக்கிறீங்கள்."

"நான் ஒரு நாளும் விலகேல்லைத் தம்பி. காலமை கூட அங்கை தரை துடைச்சிட்டுத்தான் வாறன்."

"விளங்குது. ஆனா அண்டையிலை இருந்து உங்களுக்கெண்டு அவ ஒரு காப்புறுதிக் காசும் கட்டேல்லை. அரசாங்கத்துக்கு நீங்கள் ஒரு கடைக்காரி. அந்தக் கடைக்கு முதல் வருஷம் ஒரு வெறும் வரிப் படிவம் போயிருக்கு. அதுக்குப் பிறகு ஒரு துண்டும் போகேல்லை. இதைக் கொண்டுபோய்ப் பொலிசிட்டை, குவெஸ்தூராவிலை குடுத்தா, உழைப்பில்லாத ஆள் பிள்ளையை எப்பிடிப் பாப்பா எண்டு கேப்பாங்கள்."

அவள் மேசையில் கிடந்த வீட்டு ஒப்பந்தத்தை மடித்துப் பைக்குள் வைத்தாள். பிறகு கேட்டாள்.

"நான் எட்டு வருஷம் உழைச்சது?"

"மூண்டு வருஷம் இருக்கு அக்கா. மிச்சம் கடதாசியிலை இல்லை."

அங்கிருந்து நேரே சிஞ்ஞோராவிடம் போனாள். வாசலில் செருப்பைக்கூடக் கழற்றவில்லை. ஆறு வருஷத்தில் அப்படி அந்த வீட்டுக்குள் நுழைந்தது அதுவே முதல் தடவை. சிஞ்ஞோரா பல்கனியில் பத்திரிகை படித்துக்கொண்டிருந்தாள்.

"என் பதிவை ஏன் நிறுத்தினீர்கள்?"

சிஞ்ஞோரா கண்ணாடியைக் கழற்றினாள். கோபப்படவில்லை, வெட்கப்படவும் இல்லை.

"நீதானே கடை திறந்தாய், அகொஸ்தீனா? கடை வைத்திருப்பவள் தன்னுடையதைத் தானே கட்டிக்கொள்ள வேண்டும் என்று கணக்காளர் சொன்னார். உனக்கு இது தேவைப்படாது என்று நினைத்தேன். நீயும் கையெழுத்துப் போட்டாய்."

"நான் தினமும் இங்கே வேலைக்கு வந்தேனே."

"வந்தாய். நான் சம்பளம் தந்தேனே."

சம்பளம் கையில் தந்தது உண்மைதான். மறுநாளிலிருந்து திரும்பப் பதிகிறேன் என்று சிஞ்ஞோரா சொன்னாள், சொன்னபடி செய்தாள். ஆனால் ஒரு மாதப் பதிவை வைத்துக்கொண்டு குவெஸ்தூராவில் என்ன காட்டுவது? யோசேப் அவளோடு மூன்று முறை வந்து வாதாடினார். மூன்று முறையும் அதே பதில்தான், மூன்று வேறு வேறு ஆட்களிடமிருந்து. முதலில் அந்த எண்ணை மூடிவிட்டு, வருமானத்தை ஒரு வருஷத்துக்காவது காட்டிவிட்டு வாருங்கள்.

எண்ணை மூடுவதற்குப் பத்து நிமிஷம் கூட எடுக்கவில்லை. அதே அலுவலகம், வேறு உத்தியோகத்தர். கணக்குக் கொடுக்காத வருஷங்களுக்கு ஒரு தண்டம் விதித்தார்கள். அதையும் தவணையில் கட்ட ஒத்துக்கொண்டாள். ஏன் மூடுகிறீர்கள் என்ற இடத்தை அவள் வெறுமையாக விட்டிருந்தாள். உத்தியோகத்தர் தானே 'வியாபாரம் நின்றுவிட்டது' என்று எழுதிக்கொண்டார்.

வெளியே வந்து கனடாவில் இருந்த றொனியைத் தொலைபேசியில் அழைத்தாள். றம்யாதான் எடுத்தாள். முழுவதையும் கேட்டுவிட்டு, "ஐயோ மாமி, இவருக்கு இதெல்லாம் எங்கை தெரியும்? அவர் உங்களுக்கு நல்லது செய்யத்தானே நினைச்சவர்" என்றாள். பின்னால் றொனியின் குரல் கேட்டது. அவன் வாங்கிக் கதைக்கவில்லை.

ஒக்ரோபர் வந்தது, போனது. பிறந்தநாள் கழிந்து இரண்டாம் நாள் விடுதிக்கு அழைத்தாள். மெற்றில்டாவின் குரல் பெரிய பொம்பிளையின் குரல் போல இருந்தது.

"அம்மா, இனி என்னைக் கூப்பிடேலாதாம், சிஸ்டர் சொன்னா."

"ஓம் பிள்ளை. கடதாசியிலை ஒரு பிழை நடந்துபோச்சு."

"என்ன பிழை?"

என்ன சொல்வது? எண், ஒப்பம், பதிவு, கணக்காளர். எல்லாவற்றையும் இத்தாலியனில்தான் அவளுக்குச் சொல்லத் தெரிந்திருந்தது. இரைச்சல் விழும் லைனில், தமிழில், அது ஒரு சாட்டுப் போலத்தான் கேட்கும்.

"றம்யாக்கான்ரை தாய் ஊர் முழுக்கச் சொல்லித் திரியிறா" என்றாள் மகள். "அம்மா அங்கை கடை முதலாளியாம். முதலாளிமார் பிள்ளையைக் கூப்பிடக் காசில்லாமலோ இருப்பினம்? எனக்கு உண்மையைச் சொல்லுங்கோ. நான் வாறது உங்களுக்கு விருப்பமில்லையோ?"

"பிள்ளை, அப்பிடிக் கதையாதை..."

லைன் அறுந்தது. திரும்ப எடுத்தபோது, மெற்றில்டா பூசைக்குப் போய்விட்டாள் என்று சிஸ்டர் சொன்னார்.

மெற்றில்டா பேசாலைக்குத் திரும்பினாள். அடுத்த வருஷம் ஒரு தோணிக்காரனைக் கட்டினாள். கலியாணம் முடிந்து ஒரு மாதத்துக்குப் பிறகுதான் சூசையம்மாவின் கடிதத்தில் அகஸ்ரீனாவுக்குச் செய்தி வந்தது. தாய் முறைக்கு நின்றது சூசையம்மா. மாப்பிள்ளை நல்ல பெடியன், குடியில்லை என்று எழுதியிருந்தாள். மகள் ஒரு வரியும் எழுதவில்லை.

அகஸ்ரீனா அந்தச் சிஞ்ஞோராவை விட்டு விலகினாள். இந்த முறை உண்மையாகவே. புதிதாக வேலைக்குச் சேர்ந்த வீட்டில், காப்புறுதிக் காசைத் தானே தபாற்கந்தோருக்குக் கொண்டுபோய்க் கட்டி, பற்றுச்சீட்டையும் தானே வைத்துக்கொள்வதாக முதல் நாளே சொல்லிவிட்டாள். வீட்டுக்காரி, "என்னிடம் உனக்கு நம்பிக்கை இல்லையா?" என்று சிரித்துக்கொண்டே கேட்டாள்.

"இல்லை" என்றாள் அகஸ்ரீனா.