யுஸ்ராவின் ஷிஃப்ட்

நிஜாம், அவன் மனைவி ரூபினா, தங்கை யுஸ்ரா, அப்புறம் மனோஜ்குமார்... ஜமக்காளத்தில் சாப்பிட உட்கார்ந்திருந்தது இந்த நாலு பேர்தான், நிஜாமின் அப்பா, எல்லோருக்குமே அத்தா, கடையைப் பூட்டிவிட்டு வர மூன்று மணி ஆகும், ஆக நாலு பேர், இதில் மூன்று பேருடைய பெயர் அந்தப் பட்டியலில் இருக்கிறது, நாலாவது ஆளுடையது இல்லை, இல்லாததுதான் இப்போதைக்கு அவனைக் காப்பாற்றிக்கொண்டிருக்கிறது என்று எண்ணியபடி மனோஜ்குமார் பிரியாணியிலிருந்து பட்டையைப் பொறுக்கித் தட்டின் ஓரத்தில் வைத்தான். பட்டியல் சுவரோரம் மேஜைமேல் இருந்த கம்ப்யூட்டரில் திறந்தே கிடந்தது, மேலே குடும்பம் என்று தலைப்பு, கீழே ஆறு பெயர், இவர்கள் மூன்று பேரும் துபாயில் இருக்கும் ரூபினாவின் அண்ணன்மார் மூன்று பேரும். பன்னிரண்டு வருடமாக நிஜாம் வாங்கிச் சேர்த்த இருநூற்றுச் சொச்சம் கேம்களை அந்த ஆறு பேரும் அவரவர் வீட்டிலிருந்தே ஆடலாம், ஏழாவது பெயருக்கு அதில் இடம் கிடையாது. பாலிடெக்னிக்கில் பக்கத்து பெஞ்ச்சில் உட்கார்ந்து, ரெண்டாம் வருடமே படிப்பை நிறுத்திய மனோஜை நிஜாம் விடவில்லை, யுஸ்ரா ஐடியிலயே நீயும் வந்துக்கடா, அவ காலேஜ் போற நேரம் நீ, ராத்திரி அவ, ஒரே லேத்துல ரெண்டு ஷிஃப்ட் ஓடறதில்லையா... அப்படித்தான் ரெண்டு வருடம் ஓடியது. ராத்திரி முழுக்க கம்பெனியில் மெசின் முன்னால் நின்றுவிட்டு, காலையில் கணபதி ஏரியாவில் இருக்கும் தன் அறைக்கு வந்து குளித்து, யுஸ்ராவின் பெயரில் உள்ளே நுழைந்து ரெண்டு மணி நேரம் சுட்டுவிட்டுத் தூங்குவான். அவன் இடது கைக்காரன், மவுஸ் இடது கையில்தான் நிற்கும், அதற்காகத் திரையில் ஆளை நடக்கவைக்கிற பட்டன்களையெல்லாம் கீபோர்டின் வலப்பக்கத்துக்கு மாற்றிக்கொள்வான், எழுந்திருக்கும் முன் எல்லாவற்றையும் பழையபடி மாற்றி வைத்துவிடுவான், மாற்றியது ஐடியோடேயே போகும், இல்லையென்றால் ராத்திரி யுஸ்ரா தன் வீட்டில் திறக்கும்போது எல்லாம் தலைகீழாக இருக்கும். அடுத்த ஷிஃப்டுக்காரனுக்கு மெசினைத் துடைத்து, கவுன்ட்டரைப் பூஜ்யத்துக்குக் கொண்டுவந்து ஒப்படைக்கிற பழக்கம், யாரும் சொல்லித் தந்து வந்ததில்லை, கை தானாகச் செய்யும்.

"செவ்வாக்கிழமை ராத்திரி ஒன்னே முக்கால்," என்றான் நிஜாம் யுஸ்ராவிடம், நாலாவது முறையாக. சத்தம் போடவில்லை, கடையில் பழைய பாக்கி வைத்தவரிடம் பேசுகிற அதே குரல். "உன்ற ஐடி. ஹேக் போட்டு ஆடியிருக்குது. கேம் என்னோடது, அதனால தடை எனக்கும் சேத்தி."

எனக்கும் சேர்த்து... விதி அப்படி. இரவல் வாங்கி ஆடுகிறவன் ஏமாற்றினால் அவனுக்கும் தடை, கேமுக்குச் சொந்தக்காரனுக்கும் தடை. இனி ஆயுசுக்கும் அந்த கேமை நிஜாம் ஆட முடியாது, அதுகூடப் போகட்டும், யார் போய்ப் பார்த்தாலும் தெரிகிற மாதிரி அவன் பெயருக்கு அடியில் சிவப்பில் ஒரு வரி விழுந்திருக்கிறது, ஏமாற்றியதற்காகத் தடை செய்யப்பட்டவர் என்று. கேம்காரர்களுக்கு எழுதிக் கேட்டும் பார்த்துவிட்டான், அழிக்க முடியாது என்று பதில் வந்துவிட்டது. மனோஜுக்கு இந்த விதி முன்பே தெரியுமா என்றால், தெரியும்... எங்கேயோ படித்திருந்தான், படித்ததை அன்றைக்கு நினைக்கவில்லை, நினைக்கவில்லையா, நினைத்துவிட்டு ஒரு ஆட்டத்தில் என்ன கண்டுபிடித்துவிடப்போகிறார்கள் என்று விட்டானா? பெரிய காரணம் எதுவும் கிடையாது. வேலையை விட்டு மூன்று வாரம் ஆகியிருந்தது. அதற்கும் காரணம் கிடையாது, சூப்பர்வைசர் திட்டவில்லை, உடம்புக்கு ஒன்றுமில்லை, ஒரு சாயங்காலம் கம்பெனி பஸ் வந்து நின்றது, இவன் ஏறவில்லை, மறுநாளும் ஏறவில்லை. யாரிடமும் சொல்லவில்லை. ராத்திரி என்ன செய்வது என்று தெரியாமல் ஆட உட்கார்ந்தான், முகம் தெரியாத எவனெவனோ வரிசையாக அவனைச் சுட்டுத் தள்ளினான், ஒரே ஒரு தடவை ஜெயித்தால் போதும் என்று பட்டது, துப்பாக்கிக் குறியைத் தானாகவே எதிராளியின் தலைக்குக் கொண்டுபோகும் அந்தச் சின்ன சாஃப்ட்வேரை இறக்கிப் போட்டான். பதினோரு தலை. பதினோராவது விழுந்ததும் திரையில் சிவப்பு வரி வந்தது, அவன் சுவரிலிருந்து பிளக்கையே பிடுங்கிப்போட்டான். ஜெயித்த மாதிரிகூட இருக்கவில்லை, அதுதான்... அதுதான் அசிங்கம்.

"நான் இல்லீங்கண்ணா," என்றாள் யுஸ்ரா. "பதினொன்னரைக்கே தூங்கிப்போட்டேன். நான் எதுக்குங்க ஹேக் போடறேன், உங்களை எத்தனை வாட்டி நேராவே சுட்டிருக்கேன்." ரூபினாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது, தட்டைப் பார்த்து அடக்கிக்கொண்டாள். நிஜாம் சிரிக்கவில்லை. அந்த நேரத்தில்தான் யுஸ்ரா நிமிர்ந்து மனோஜைப் பார்த்தாள், ஒரு நொடி இருக்கும், அவ்வளவுதான், நிஜாம் அதைக் கண்டுவிட்டான்.

"அவனை எதுக்குப் பாக்கறே? அவன் அந்நேரம் மெசின்ல நின்னுட்டிருப்பான்."

இப்போது சொல்லியிருக்கலாம். நான் நிற்கவில்லை என்று ரெண்டு வார்த்தை. சொல்லாமல் சும்மா இருந்திருந்தால்கூடப் பரவாயில்லை, வாயை மூடிக்கொண்டு இருப்பது ஒரு ரகம், ஆனால் அவன் வாய் தானாகத் திறந்து, "ஆமா, செவ்வாக்கிழமை லோடு வேற ஜாஸ்தி, டீ குடிக்கக்கூட விடல," என்றது. யார் கேட்டார்கள் டீயை? அந்த டீ எதற்கு? பொய்க்கு ஒரு டம்ளர் டீயும் ஊற்றி வைக்கிற அளவுக்கு எப்போது தேறினேன் என்று அவனுக்கே வியப்பாக இருந்தது. அந்த வேலையும் சும்மா கிடைத்ததல்ல, கம்பெனி முதலாளி அத்தா கடையில் பழைய வாடிக்கை, நம்ம ஊட்டுப் பையன் மாதிரிங்க, நம்பி எடுத்துக்கோங்க என்று அத்தா நேரில் போய்ச் சொல்லி வாங்கித் தந்தது. அத்தா யாருக்காகவும் அப்படிப் போய் நிற்கிறவர் இல்லை. ஒன்றைச் சொன்னால் இன்னொன்றும் சேர்ந்து வெளியே வரும், ஹேக் போட்டது நான்தான், அந்நேரம் எப்படிடா, வேலைக்குப் போகல, எத்தனை நாளா... ஒரு நூலை இழுத்தால் துணி மொத்தமும் வருகிற கதை.

"சரி, உடு," என்றான் நிஜாம். "இனிப் பேசி என்ன. ஆனா அத்தாகிட்ட நான் பேச மாட்டேன்."

ரூபினா கரண்டியைக் கீழே வைத்தாள். மனோஜுக்குப் புரிந்தது, பெங்களூர்... யுஸ்ராவுக்கு அங்கே கேம் வடிவமைக்கிற படிப்பில் இடம் கிடைத்திருக்கிறது, வரேன் வரலை என்று நாளைக்குள் சொல்லியாக வேண்டும், அத்தா வெளியூர் என்றாலே முகத்தைத் திருப்பிக்கொள்கிறவர், நிஜாம் ஒருத்தன் சொன்னால்தான் கேட்பார், இன்றைக்குச் சாப்பிட்டு முடித்ததும் பேசுவதாக இருந்தது. அதற்குத்தான் பிரியாணியே. இது அவனுக்குத் தெரியாதா? தெரியும், யுஸ்ராவே போன வாரம் போனில் சொன்னாள், நீங்களும் அன்னிக்கு வந்துருங்கண்ணா, நீங்க இருந்தா அத்தா கொஞ்சம் சிரிச்சாப்புல இருப்பாரு என்று.

"ஒரு வெளையாட்டுக்குப் போயி புள்ளை படிப்பை நிறுத்துவீங்களா?" என்றாள் ரூபினா.

"வெளையாட்டு இல்ல ரூபி. போட்டா போட்டேன்னு சொல்லட்டும், நானே அத்தா கால்ல உழுந்து அனுப்பி வெக்கறேன். போட்டுட்டு என்ற மூஞ்சியப் பாத்து இல்லைங்கறா பாரு. நாப்பது வருசமா அத்தா தராசை ஒருத்தன் சந்தேகப்பட்டதில்ல. இவளுக்கு நான் எந்த வாயில ஜாமீன் சொல்றது?"

யுஸ்ரா சோற்றை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் தள்ளிக்கொண்டிருந்தாள். அழுதிருந்தால் தேவலாம் போல இருந்தது, அழுதால் சொல்லிவிடுவேனா, அது என்ன கணக்கு, அழுகைக்குத்தான் உண்மை சொல்லுவேன் என்று... "நிஜாம்," என்றான் மனோஜ். மூன்று பேரும் திரும்பினார்கள். "சொல்றா," என்றான் நிஜாம். "தண்ணி," என்றான். ரூபினா சொம்பை நீட்டினாள், அவன் இடது கையை நீட்டி வாங்கினான், "சோறு மட்டுந்தானுங்க சோத்தாங்கையில, மத்ததெல்லாம் நொட்டாங்கைதான் இந்த அண்ணனுக்கு," என்று அவள் பேச்சை மாற்றப் பார்த்தாள், நிஜாம் ஒப்புக்குச் சிரித்தான், யுஸ்ரா அந்தக் கையையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவன் தண்ணீரைக் கடைசிச் சொட்டு வரை குடித்தான், குடித்துக்கொண்டிருக்கும்வரை பேச வேண்டியதில்லை.

நிஜாம் கை கழுவிக்கொண்டு தொழப் போனான், போகிறபோது தோளைத் தட்டி, "ராத்திரி ஷிஃப்ட் இருக்குதுல்ல, போய்த் தூங்கு மாப்ள, மூஞ்சியே சரியில்ல," என்றான். அந்தத் தட்டல் தோளில் சுமை மாதிரி தங்கியது. சரி, நாளைக்குச் சொல்லலாம், போனில் சொல்லலாம், எழுதி அனுப்பலாம், ஆனால் நாளைக்குள் பெங்களூருக்குப் பதில் சொல்லியாக வேண்டுமே, அப்படியானால் இன்றைக்குச் சாயங்காலம்... மணி ரெண்டு நாற்பது. செருப்பை மாட்டினான். உள்ளேயிருந்து ரூபினா, "அண்ணனை அனுப்பிச்சுட்டுக் கதவைப் பூட்டிட்டு வா அம்மணி," என்றாள். யுஸ்ரா சாவியோடு வந்து கதவைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"வாரேன்," என்றான்.

"புதங்கிழமை காலையில எந்திரிச்சதும் ஐடியத் தொறந்தேங்கண்ணா," என்றாள் அவள், உள்ளே கேட்காத குரலில். "பட்டனெல்லாம் வலப்பக்கம் கெடந்துச்சு."

அவன் படியில் நின்றான். பிளக்கைப் பிடுங்கியது ஞாபகம் வந்தது, அதற்கு முன்னால் கை என்ன செய்தது, என்ன செய்யவில்லை...

"நான் மாத்தி வெச்சுட்டேனுங்க," என்றாள். கோபம் இல்லை, கேலியும் இல்லை, அடுத்த ஷிஃப்டுக்காரர் சொல்கிற மாதிரிதான் சொன்னாள்.

அவளுக்கு ஐந்து நாளாகத் தெரியும். சாப்பிடும்போது தெரியும், டீ குடிக்க விடவில்லை என்று சொன்னபோது தெரியும், ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் அவளுக்கு பெங்களூர், சொல்லவில்லை, இருந்த ஒரே தடயத்தையும் தன் கையாலேயே துடைத்து வைத்துவிட்டு உட்கார்ந்திருந்தாள், அப்படியானால் அந்தப் பார்வை என்னைக் காப்பாற்று என்று கேட்டது இல்லை, எனக்கு நேரம் கொடுத்தது... எதற்காக, நானே சொல்லுவேன் என்றா, சொல்ல மாட்டேன் என்று தெரிந்துகொள்ளவா? கேட்கலாம் என்று திரும்பினான். தெருமுனையில் அத்தாவின் பழைய ஸ்கூட்டர் சத்தம் கேட்டது, இருபது நிமிடம் முன்னதாகவே. கதவு முகத்துக்கு நேராக மெதுவாகச் சாத்திக்கொண்டது, உள்ளே சாவி ரெண்டு சுற்று திரும்பியது.