நாற்பது வருடப் பிசிறு

ஹால்வாருக்குக் கோபம் வந்தால் ஸ்டாக்ஹோம் துறைமுகத்தில் படகுகள் தானாகக் கரையேறிவிடும். கொஞ்சம் கூட்டிச் சொல்கிறேன், அதிகமில்லை. அவன் இசையமைத்த படங்களுக்கெல்லாம் நாற்பது வருடம் பசூன் ஊதியவன் நான். ஆளுயரக் குழல் அது. இப்போது என்னோடு சேர்ந்து ஓய்வில் இருக்கிறது.

இந்த முறை கோபம் மெல்கர் என்ற இளம் இயக்குநர்மேல். படத்தின் கடைசிக் காட்சியில் ஒரு விதவை ஏரியில் தனியாகத் துடுப்புப் போட்டுப் போகிறாள். அதற்கு ஹால்வார் பதினொரு மெட்டு அனுப்பிவிட்டான். பதினொன்றுக்கும் ஒரே பதில்: "ரொம்ப சுவாரஸ்யமா இருக்கு." எங்கள் ஊரில் ஒருவர் அப்படிச் சொன்னால் கோட்டை மாட்டிக்கொண்டு கிளம்பிவிட வேண்டியதுதான்.

படத்தை வெட்டி ஒட்டும்போது வெறுமையாக இருக்கக் கூடாதென்று ஏதாவது பழைய இசையைத் தற்காலிகமாகப் போட்டு வைப்பார்கள். எட்டு மாதம் அதையே கேட்டு மெல்கர் அதன்மேல் காதல் கொண்டுவிட்டான். ஹால்வாரோ அந்த இரவல் இசையைக் காதால் தொடமாட்டான். ஒலியை அடைத்துவிட்டுத்தான் படம் பார்ப்பான். அது அவன் விரதம்.

பன்னிரண்டாவதும் பிடிக்காவிட்டால் வேறு ஆளைப் பார்ப்போம் என்று தயாரிப்பாளர் எழுதியிருந்தார், அன்பான வாழ்த்துகளுடன். ஹால்வார் என்னை வீட்டிலிருந்து இழுத்துக்கொண்டு போனான்.

ஒலிப்பதிவுக் கூடத்தில் வழக்கம்போல் ஷூவைக் கழற்றிவிட்டுக் காலுறையோடு நின்று பன்னிரண்டாவது மெட்டை ஊதினேன். மெல்கர் தின்றுகொண்டிருந்த இலவங்கப்பட்டை பன்னைக் கீழே வைத்தான்.

"சுவாரஸ்யமா இருக்கு, ஹால்வார். ஆனா நாங்க தற்காலிகமா போட்டு வெச்சதுல ஒரு உயிர் இருக்கு பாரு, அது இதுல வரல."

"எந்தச் சனியன்ல இருக்கு உயிர்? போடு. நானும் கேட்டுத் தொலைக்கிறேன்."

போட்டான். எட்டாவது நொடியில் வாத்தை மிதித்ததுபோல் ஒரு பிசிறு. எனக்கு உடம்பு கூசியது. ஹால்வாரின் முதல் படத்தில் நான் விட்ட பிசிறு அது.

"ஹால்வார், இது உன்னோடது."

"தெரியுது. வாய மூடு, ஸ்டூரே."

"ஓ," என்றான் மெல்கர். "இணையத்துல பேர் இல்லாம கெடந்துச்சு. அப்போ ரொம்ப சுலபம். நீ உன்ன மாதிரியே எழுதினா போதுமே."

ஹால்வார் பீட்ரூட் ஆனான். கண்ணாடித் தடுப்பு நடுங்கியது. ஆறு காப்பிக் கோப்பைகள் மேசையில் நகர்ந்தன.

"முப்பது வயசுல எனக்கு ஒரு மண்ணும் தெரியாது. இப்ப தெரியும். தெரிஞ்சு எழுதினா உயிர் இல்லயாம். நான் செத்தப்புறமும் வந்து, பழைய பொணம் நல்லா இருந்துச்சுன்னு சொல்வீங்க. அந்தப் பழசுல ஒரு நொடிகூடத் தரமாட்டேன். ஸ்டூரே, புதுச திரும்ப ஊது."

ஊதினேன். எட்டாவது நொடியில், சத்தியமாகத் திட்டமில்லை, உதடு சற்றே நழுவியது. வாத்து கத்தியது.

மெல்கர் கண்ணை மூடிக்கொண்டான். "இதுதான். இத விடமாட்டேன்."

"அது தப்புடா. அன்னிக்கு இன்னொரு தரம் எடுக்க நேரமில்லாம விட்ட தப்பு. நாப்பது வருஷமா என் தூக்கத்தக் கெடுக்குது," என்று கத்தினான் ஹால்வார்.

"அந்தம்மா துடுப்ப விட்டுட்டு அழற எடமே அதான். பாரு."

ஹால்வார் திரையைப் பார்த்தான். அவனுடைய புது மெட்டு படத்தில் இருக்கும், என் பிசிறோடு, இல்லாவிட்டால் இரண்டுமில்லை.

"இருந்து தொலையட்டும்," என்று பல்லைக் கடித்தான்.

முதல் காட்சியன்று திரையரங்கில் என் பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தான். ஏரிக் காட்சியின் எட்டாவது நொடியில் எண்ணூறு பேர் ஒன்றாக மூக்கைச் சிந்தினார்கள். ஹால்வார் இருட்டில் என் காலை நறுக்கென்று மிதித்தான். நல்லவேளை, அன்று நான் ஷூ போட்டிருந்தேன்.