மிச்சம் ஐந்தடி

சாச்சா கடைசி ஜரிகைப் பெட்டியையும் ஆட்டோவில் ஏற்றிக்கொண்டிருந்தார். நான் வாசற்கதவைப் பிடித்தபடி நின்றேன்.

"இன்னா அஞ்சும், பேயடிச்ச மாதிரி நிக்கிற? ஓரிக்கைலதானே ரூம் எடுத்துக்கினு இருக்கேன். சைக்கிள்ல பத்து நிமிஷம்."

அவர் போவது நான் போட்ட கணக்கால். அது தப்பு என்று தெரிந்து அப்போது ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை.

அப்பா இறந்து நாற்பதாம் நாள் முடிந்ததும் பள்ளிவாசல் ஹஜ்ரத் வந்து வீட்டுக்குப் பங்கு சொன்னார். மனைவி என்று அம்மிக்கு எட்டில் ஒன்று. மகள்களான எனக்கும் தங்கை சாய்மாவுக்கும் சேர்த்து மூன்றில் இரண்டு. மிச்சம் அப்பாவின் தம்பி ஷோயப் சாச்சாவுக்கு. சின்னப் பிள்ளைகள் பங்கில் யாரும் கைவைக்கக் கூடாது என்றும் சொல்லிப் போனார். வீட்டின் அகலம் இருபத்து நாலு அடி.

"டென்த்ல கணக்குல நூறு எடுத்தவ இங்கயே இருக்கா, வேற ஆள் எதுக்குபா?" என்று சாச்சாதான் பங்கு எழுதிய தாளை என்னிடம் நீட்டினார்.

எட்டுக்கும் மூன்றுக்கும் பொதுவான பகுதி இருபத்து நாலு. மேலே இரண்டையும் எட்டால் பெருக்கினேன். எட்டு, பதினாறு. கூட்டினால் கச்சிதமாக இருபத்து நாலு. பொருந்தி வந்ததால் நான் திரும்பிப் பார்க்கவே இல்லை.

"எனக்கு மிச்சமே இல்லியா? சரி, அல்லா குடுத்தது அவ்ளோதான்," என்று சாச்சா சிரித்தார். எங்கள் பதினாறடியைத் தடுத்து வாடகைக்கு விடுவதாகப் பேச்சு. அவரே சாக்பீஸால் எட்டாவது அடியில் கோடு கிழித்தார். அம்மி அங்கே தையல் மிஷினைப் போட்டு, புடவைக்கு ஃபால்ஸ் அடிக்க ஆரம்பித்தாள்.

"எட்டடி போதும்மா. இனிமே யார் கையையும் பாக்க வேணாம்," என்றாள்.

இன்று சாயங்காலம் சாய்மா பின்னக் கணக்கு வீட்டுப்பாடத்தோடு வந்தாள். எங்கள் வீட்டுக் கணக்கையே உதாரணமாகக் காட்டினேன்.

"அய்ய, கீழ மூணால பெருக்கிட்டு மேல எட்டால பெருக்கிக்கீற! நூறு எடுத்த மூஞ்சியைப் பாரு!"

எட்டில் ஒன்று என்றால் இருபத்து நாலில் மூன்று. பதினாறோடு சேர்த்தால் பத்தொன்பது. மிச்சம் ஐந்து. ஐந்தடி சாச்சாவுடையது. அம்மிக்கு மூன்றடிதான்; மிஷினைப் போட்டால் அவள் உட்கார இடமிருக்காது.

தாளைச் சுருட்டிக்கொண்டு வாசலுக்கு ஓடினேன். ஆட்டோ கிளம்பும்வரை அது என் கைக்குள்ளேயே இருந்தது.

காலையில் கொத்தனார் அந்தக் கோட்டின்மேல் சுவர் எழுப்ப வருகிறார். அம்மி மிஷின் பக்கத்திலேயே பாய் விரித்துத் தூங்குகிறாள். அவளை எழுப்பி நான் என்னவென்று சொல்வேன்?