இந்த வீட்டில் எல்லாரும் ஔலுஸ்

என் மாமனார் பெயர் ஔலுஸ். என் புருஷன் பெயரும் ஔலுஸ். வாசலில் யாராவது "ஔலுஸ்!" என்று கூப்பிட்டால் இரண்டு பேரும் ஓடுவார்கள், இல்லையென்றால் இரண்டு பேருமே அசையமாட்டார்கள். போதாக்குறைக்குக் குடும்பப் பட்டம் கால்வுஸ், அதாவது மொட்டை. எந்தக் காலத்திலோ ஒரு கொள்ளுத்தாத்தாவுக்கு முடி கொட்டியதாம். அதற்காகத் தலை நிறைய முடியோடு பிறக்கிற பிள்ளைகளும் இங்கே மொட்டைகள்தான். ரோமில் எந்த வீட்டுக்குப் போனாலும் இதே கூத்து. என் பிறந்த வீடு மட்டும் என்ன வாழ்ந்தது? அக்கா தங்கை மூவருக்கும் அப்பாவின் குலப்பெயரான கேசியாதான். நான் மூன்றாவது கேசியா. இதையெல்லாம் சகித்துக்கொண்டேன்.

ஆனால் என் மூத்த மகனும் ஔலுஸ்தான். நான்கு வயது. போன இலையுதிர்காலக் காய்ச்சலில் போய்விட்டான்.

இப்போது அடுத்தவன் பிறந்து எட்டு நாள். மறுநாள் தீட்டுக் கழித்து, எல்லார் முன்னாலும் பிள்ளையின் பெயரை அவன் அப்பா அறிவிக்க வேண்டும். மாமனார், செத்த பிள்ளையின் தங்கத் தாயத்தைத் துடைத்து எடுத்துக்கொண்டு வந்து நின்றார்.

"நம்ம ஔலுஸ் திரும்பி வந்துட்டான் பாத்தியாம்மா!"

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "யாரும் திரும்பி வரல மாமா. இது வேற பிள்ளை."

"இருந்துட்டுப் போகட்டும். ஆறு தலைமுறையா இந்த வீட்டு வாரிசுக்கு இந்தப் பேருதான்."

"அவன் பேரை இவனுக்குத் தூக்கிக் குடுத்துட்டா, அவன்னு ஒருத்தன் இருந்தது யாருக்கு ஞாபகம் இருக்கும்?"

"போன பிள்ளைக்குப் பேர் எதுக்கும்மா?"

கெட்ட மனுஷர் இல்லை. அதுதான் இன்னும் எரிச்சல். என் புருஷனோ மூலையில் உட்கார்ந்து வேகவைத்த கொண்டைக்கடலையைக் கொறித்துக்கொண்டிருந்தார்.

"நீங்களாவது வாயைத் திறங்களேன்!" என்றேன்.

"நாளைக்குப் பாக்கலாம்."

"ஐயோ, கல்லறைக் கல்லுல என்ன எழுதணும்னு கேட்டப்பவும் இதே பாட்டுதான்! அந்தக் கல்லு இன்னும் வெறுங்கல்லாத்தான் நிக்குது!"

கடலைக் கிண்ணத்தை வைத்துவிட்டு முற்றத்துக்குப் போய்விட்டார். இந்த மனுஷனோடு எப்படித்தான் குடித்தனம் நடத்துவது?

ஒன்பதாம் நாள் வீடு நிறைய சொந்தக்காரர்கள். தண்ணீர் தெளித்தாயிற்று. வீட்டுத் தெய்வங்களுக்குத் தூபம் போட்டாயிற்று. என் புருஷன் குழந்தையைத் தூக்கினார், வாயைத் திறந்தார், மூடினார். இன்றைக்கும் சொதப்பப் போகிறார் என்று பல்லைக் கடித்துக்கொண்டேன்.

"ஔலுஸ்," என்றார்.

மாமனார் கைதட்டினார். பிள்ளையைப் பிடுங்கிக்கொண்டு போய்விடலாம் என்று எழுந்தே விட்டேன்.

"ஔலுஸோட தம்பி," என்றார் என் புருஷன். "மானியுஸ். விடியக்காலையில பொறந்தவனுக்கு வைக்கிற பேரு."

"டேய்! நம்ம குலத்துல எவன்டா மானியுஸ்?"

"யாரும் இல்லப்பா. இவன்தான் முதல்."

"அப்போ வாரிசுப் பேரு?"

"அது என் மூத்தவனோடதுப்பா. அவனுக்குன்னு அந்தப் பேரு ஒண்ணுதான் மிச்சம் இருக்கு. அதையும் எப்படிப்பா பிடுங்குவேன்?"

காய்ச்சல் வந்த நாளுக்குப் பிறகு, என் புருஷன் எங்கள் மகனைப் பெயர் சொல்லி நான் கேட்டது அன்றைக்குத்தான்.